கிரீக் சனமாக இரண்டு நாள்

மோர்னிங்சைட் தெருவில் வடக்குப் பக்கமாக நடந்துகொண்டிருந்தேன். தோளில் ஒரு விளையாட்டுப் பை. அதற்குள் இரண்டு காற்சட்டை, ஒரு ஸ்வெற்றர், சவரப்பெட்டி, ஈரம் காயாத ஒரு துவாய். ஏப்ரல் பிறந்துவிட்டது, ஆனால் தெருவோரத்துப் பனி அழுக்குக் குவியல்களாக இன்னும் கிடந்தது. கைக்கு உறை இருந்தது, தலைக்குத் தொப்பி இருந்தது. மூக்குக்கும் வாய்க்கும் நடுவில்தான் ஒன்றும் இல்லை. இளந்தாரி வயதிலிருந்து மீசை வைத்திருந்தவன் நான். அந்த இடத்தில் காற்று படுவது ஈரத் துணியால் யாரோ துடைத்துவிட்டதுபோல இருந்தது.

பின்னால் ஒரு பஸ் வந்து நின்றது. சாரதி கதவைத் திறந்து என்னைப் பார்த்தார். கையை அசைத்து அனுப்பிவிட்டேன். பஸ்ஸில் ஏறினால் எங்கேயாவது இறங்க வேண்டும். நடந்தால் அதைக் கொஞ்ச நேரம் தள்ளிப்போடலாம்.

இடங்களை விட்டுப் போவது எனக்குப் புதிதல்ல. எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டேன். பிறகு கொழும்பு, பம்பாய், மொஸ்கோ, ஜேர்மனியில் ஓர் உணவகத்தின் பின்கட்டு. பொலிஸ் துரத்திப் போயிருக்கிறேன், வேலை முடிந்து போயிருக்கிறேன், சும்மா அலுத்தும் போயிருக்கிறேன். எனக்கு வேண்டிய ஒருவர் போகச் சொல்லிப் போவது அதுதான் முதல்தடவை.

அவரை நான் அண்ணை என்றுதான் கூப்பிடுவேன். கூடப் பிறந்தவர் அல்ல, உறவும் இல்லை. மொஸ்கோவில், ஆட்களைக் களவாக எல்லை தாண்டி அனுப்புகிற ஏஜென்சிக்காரர் ஓர் அறைக்குள் எங்களை அடைத்து வைத்திருந்தார்கள். அங்கே எனக்குக் காய்ச்சல் கண்டது. எழும்பி நிற்கக்கூட முடியாத நாளில் அண்ணைக்குப் பயண முறை வந்தது. "இவன் என்ர தம்பி. இவனை விட்டிட்டு நான் ஏறமாட்டன்," என்று ஏஜென்சிக்காரனிடம் சொல்லித் தன் முறையை விட்டுக்கொடுத்தார். பிறகு எங்களைச் சேர்த்தே ஜேர்மனிக்கு அனுப்பினார்கள். அன்று சொன்ன பொய் எங்களோடு ரொறொன்ரோவுக்கும் வந்தது. மோர்னிங்சைட்டில் ஓர் அப்பாட்மென்ட் எடுத்தோம். கட்டடத்துக்குக் கீழே தமிழ்க்கடை வைத்திருந்த அன்ரி முதல்நாளே, "அண்ணனும் தம்பியும் சாடை ஒரே மாதிரி," என்றார். அண்ணை சிரித்தார். நானும் சிரித்தேன். அதற்குப் பிறகு யாரும் கேட்கவில்லை, நாங்களும் திருத்தவில்லை. எனக்கு அது பிடித்திருந்தது.

நான் சொல்வது யாழ்ப்பாணத்துச் சனம் ஒரே இரவில் ஊரைவிட்டுக் கிளம்பியதற்கு அடுத்த வசந்தம். அண்ணையின் அப்பா கிளம்பவில்லை. மழைக்குள் நடக்க ஏலாது, நீங்கள் போங்கோ என்று பக்கத்து வீட்டாரை அனுப்பிவிட்டுப் படலையைச் சாத்திக்கொண்டாராம். அதுதான் அவரைப் பற்றிய கடைசிச் செய்தி. பிறகு கடிதம் இல்லை, தொலைபேசி இல்லை. பனிக்காலம் முழுக்க அண்ணை விசாரித்துக்கொண்டே இருந்தார். ஆனால் தகப்பனைப் பற்றிப் பேசும்போது ஒருநாளும் 'இருந்தார்' என்று அவர் வாயில் வந்ததில்லை. "அப்பாவுக்குக் கத்தரிக்காய் பிடிக்காது." "அப்பா விடியக் குளிக்கிறவர்." தகப்பனுக்கென்று ஒரு வெள்ளெழுத்துக் கண்ணாடி வாங்கி, கடைப் பையோடு குளிர்ப்பெட்டிக்கு மேல் வைத்திருந்தார். ஊருக்குப் போகிற ஆள் யாராவது அகப்பட்டால் கொடுத்துவிட.

அந்த மார்ச் மாத முடிவில் ஒரு ஞாயிற்றுக்கிழமை வான்காரர் எங்கள் வீட்டுக்கு வந்தார். மில்லிக்கனில் ஒரு பிளாசாவின் கார் நிறுத்தும் இடத்தில் காலையில் ஆட்களைத் தன் வான் வண்டிகளில் ஏற்றி, பண்ணைக்கும் பக்ரறிக்கும் கொண்டுபோய் இறக்குவது அவருடைய தொழில். எனக்கு வேலை கிடைப்பது பெரும்பாலும் அவரால்தான்.

"படத்தில நிக்கிற வேலை ஒண்டு வந்திருக்கு. வாய் திறக்கத் தேவையில்லை. காட்டுக்குள்ள ஓடுறதும் விழுறதும்தான். சாப்பாடும் தருவாங்கள்," என்றார்.

"என்ன படம்?" என்று அண்ணை கேட்டார்.

"கிரீக் ஆக்கள்ர சண்டைப்படம். ரிவிக்கு."

"டான்போர்த் தெருவில சாப்பாட்டுக்கடை வைச்சிருக்கிற கிரேக்க நாட்டு ஆக்களோ? அவங்கள் வெள்ளையெல்லோ?"

"உது வேற. இவை அமெரிக்காவில இருந்த பழைய சனம். வெள்ளைக்காரர் வந்து காணியைப் பிடிக்க, எழும்பி அடிபட்ட ஆக்கள். உங்கட நிறமும் தலைமயிரும் காணுமாம். மீசையை மட்டும் எடுக்கோணும்."

அண்ணையின் கை தன்பாட்டில் மேலுதட்டுக்குப் போனது. "அப்பா இருக்கேக்குள்ள நான் மீசை எடுக்கமாட்டன்."

"அண்ணை, இது கனடா. இஞ்ச உதெல்லாம் ஆர் பாக்கினம்?"

"நான் பாப்பன். காலமை எழும்பிக் கண்ணாடியில."

எங்கள் ஊரில் மீசை வைத்திருக்கும் ஒருவன் திடீரென்று அதை வழித்துவிட்டு வெளியே வந்தால், பெற்றவர்களில் ஒருவருக்குக் கொள்ளி வைத்துவிட்டு வருகிறான் என்று அர்த்தம். கேட்கத் தேவையில்லை, முகமே சொல்லிவிடும். வான்காரருக்கும் அது தெரியாததல்ல. தேநீரைக் குடித்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"நானும் வரேல்லை," என்றேன்.

அண்ணை போகாத வேலைக்கு நான் போகவேண்டாம் என்று நினைத்தேன். அந்த நினைப்பு ஒரு கிழமை நின்றது. அடுத்த கிழமை ஒரு விடியற்காலை மில்லிக்கன் பிளாசாவில் நின்றபோது பண்ணைக்குப் போகும் வானில் இடம் இல்லை. படத்துக்குப் போகும் வானில் ஓர் இடம் இருந்தது. என் அப்பா நான் சிறுவனாக இருக்கும்போதே போய்விட்டவர். என் மீசைக்குக் கணக்குக் கேட்க ஆள் இல்லை. ஏறிவிட்டேன்.

*

நகரத்தின் கிழக்கு ஓரத்தில், ரூஜ் ஆற்றுப் பள்ளத்துக்குள் படம் எடுத்தார்கள். கதை நடப்பது தெற்கே, வெப்பமான காட்டில். ரூஜில் மரங்கள் மொட்டையாக நின்றன. ஏணி வைத்துக் கிளை கிளையாகத் துணி இலைகளைக் கம்பியால் கட்டிக்கொண்டிருந்தார்கள். நிலத்துப் பனியைச் சவளால் அள்ளி, கமராவுக்குத் தெரியாத பக்கம் கொட்டினார்கள்.

ஒரு வானுக்குள் வரிசையாக எங்களை இருத்தி மீசை எடுத்தார்கள். நாங்கள் பத்துப் பன்னிரண்டு தமிழ் ஆட்கள், சில பிலிப்பினோக்காரர், கயானாக்காரர் இரண்டு பேர். எனக்கு முன்னால் கண்ணாடி போட்ட ஒரு பெரிய மனிதர் இருந்தார். அகன்ற தோள், அறுபதுக்குக் கிட்டிய வயது. மேலுதட்டில் நரைத்த மெல்லிய மீசை. அதை வழித்துக்கொண்டிருந்த பெண்ணிடம் அவர் ஏதோ சொன்னார். அவள் சிரித்துவிட்டாள். இறங்கும்போது எனக்கும் அதையே சொன்னார். அந்தக் கூட்டத்தில் உண்மையான கிரீக் ஆள் தான் ஒருவர் மட்டும்தான் என்றும், கிரீக் ஆள் மாதிரித் தெரியவேண்டும் என்பதற்காகத் தன் மீசையையும் எடுக்கிறார்கள் என்றும். தன் மாமன்மார் எல்லாரும் மீசை வைத்திருந்தவர்களாம்.

ஒக்லஹோமாவிலிருந்து அவரைக் கூட்டிவந்திருந்தார்கள். அவர்களுடைய மொழியில் சில சொற்களைச் சொல்லிக்கொடுக்கவும், கூட்டத்தில் ஒரு கிழவனாக நிற்கவும். கமரா ஓடும்போது கண்ணாடியைக் கழற்றிச் சட்டைக்குள் வைத்துவிடுவார். பிறகு கால் வைக்கும் இடம் தெரியாது. முதல்நாள் காலையிலேயே என் முழங்கையைப் பிடித்துக்கொண்டார். அதற்குப் பிறகு இரண்டு நாளும் நான் அவருக்குக் கண்.

எங்கள் பங்கு பட்டினி கிடக்கும் சனம். போரில் தோற்றுக் காட்டுக்குள் ஒளிந்திருப்பவர்கள். கன்னத்தில் கறுப்பு மை தடவிக் குழி விழச் செய்தார்கள். ஓர் இளம் பெண் வந்து, பசித்தவன் எப்படி நிற்பான், தோளை எப்படித் தொங்கவிடுவான் என்று செய்துகாட்டினாள். நாங்கள் பார்த்துக்கொண்டு நின்றோம். எனக்குப் பக்கத்தில் நின்ற வல்வெட்டித்துறைக்காரர், "பிள்ளை நல்லாத்தான் செய்யுது. ஆனா பசிச்சவன் தோளைத் தொங்கவிடான். சோறு எந்தப் பக்கத்தால வருகுது எண்டு நிமிந்து பாப்பான்," என்றார். பிறகு எல்லாரும் போய் வயிறுமுட்டச் சாப்பிட்டுவிட்டு வந்து பட்டினி கிடந்தோம்.

படத்தின் கதையை ஒக்லஹோமாக்காரர்தான் எனக்குச் சொன்னார். என் இங்கிலீஷ் சமையலறை இங்கிலீஷ். அதனால் அவர் மெதுவாக, சின்னச் சொற்களில் சொன்னார். குடியேற வந்தவர்கள் கிரீக் சனத்தின் காணிக்குள்ளே தெருப் போட்டார்கள். தெருவால் வண்டிகள் வந்தன, வண்டிகளோடு இன்னும் ஆட்கள் வந்தார்கள். சனம் இரண்டாகப் பிரிந்தது. அவர்களைப்போலவே மாடும் கலப்பையும் வைத்துக்கொண்டு பிழைத்துப் போவோம் என்றது ஒரு பாதி. அடிப்போம் என்றது மற்றப் பாதி. வெள்ளைக்காரரோடு மோத முன்னரே தங்களுக்குள் மோதிக்கொண்டார்கள். அடிப்போம் என்றவர்களின் போர்த்தலைவன் ஒருவன். தாய் கிரீக், தகப்பன் கடல் தாண்டி வந்த ஸ்கொட்லாந்து வியாபாரி. அவனுடைய ஆட்கள் ஒரு கோட்டையைப் பிடித்தார்கள். உள்ளே இருந்த பெண்களும் பிள்ளைகளும் செத்தார்கள். அதற்குப் பழிவாங்க ஒரு ஜெனரல் வந்தான். ஊர்களையும் சோளத்தையும் எரித்தான். ஆற்று வளைவொன்றில் நடந்த பெரிய சண்டையோடு எல்லாம் முடிந்தது. மிஞ்சிய சனம் காட்டுக்குள் போனது.

"அந்தச் சனம்தான் நீயும் நானும்," என்றார்.

பிறகு அந்தத் தலைவன் தனியாகக் குதிரையில் ஏறி, தன்னைத் தேடிக்கொண்டிருந்த ஜெனரலின் கூடாரத்துக்கே போனான். என்னை என்ன செய்தாலும் செய், காட்டுக்குள் இருக்கிற பெண்களுக்கும் பிள்ளைகளுக்கும் சோளம் அனுப்பு என்று கேட்டான் என்பது கதை. ஜெனரல் அவனைக் கொல்லவில்லை. அவன் ஒரு பண்ணை வைத்து, குடியேற வந்தவர்களுக்கு நடுவிலேயே வாழ்ந்து செத்தான்.

"உங்கட ஆக்கள் அவனோட நிண்டவையோ?" என்று கேட்டேன். அதை எந்த இங்கிலீஷில் கேட்டேன் என்று இப்போது நினைவில்லை.

இல்லை என்றார். அவருடைய முன்னோர் மற்றப் பாதி. ஜெனரலோடு சேர்ந்து நின்று தலைவனுக்கு எதிராக அடிபட்டவர்கள். போர் முடிந்து ஒப்பந்தம் எழுதியபோது, தன்னோடு நின்றவர்களின் காணியையும் சேர்த்தே ஜெனரல் எடுத்துக்கொண்டான். அன்று பிறந்த பிள்ளைகள் வளர்ந்து ஆளாகி முடிய, எல்லாரையும் மேற்கே நடக்கவைத்தார்கள். தான் ஒக்லஹோமாக்காரன் ஆனது அப்படித்தான் என்றார்.

"திரும்பி வந்த தலைவனோடு ஆட்கள் சேர்ந்து இருந்தார்களா?"

"சிலர் இருந்தார்கள். சிலர் அவன் இருந்த பக்கமே போகவில்லை. சிலர் சரணடையாமல் தெற்கே சதுப்புக்குள் போய்விட்டார்கள். என் அம்மாவின் ஆட்கள் இன்றைக்கும் சொல்வார்கள், அவன் தன் கழுத்தைக் காப்பாற்றப் போனான் என்று. அப்பாவின் ஆட்கள், பிள்ளைகளுக்குச் சாப்பாடு கேட்கப் போனான் என்பார்கள். கல்யாண வீடுகளில் அதை வைத்துச் சண்டை பிடிப்பார்கள்."

"நீங்கள் என்ன சொல்வீர்கள்?"

"கண்ணாடி இல்லாமல் எனக்கு எதுவும் தெரியாது," என்று சிரித்தார். கொஞ்சம் பொறுத்து, "உன் சனம் எங்கே?" என்று கேட்டார்.

"அவர்களும் காட்டுக்குள்தான் இருக்கிறார்கள்," என்றேன்.

அவர் மேசையிலிருந்து இரண்டு டோனட் எடுத்து வந்து ஒன்றை என்னிடம் தந்தார்.

*

முதல்நாள் மாலை வீட்டுக்குத் திரும்பியபோது அண்ணை வேலைக்குப் போய்விட்டார். அந்த மாதம் அவருக்குப் பின்னேர ஷிப்ட். நான் விடியுமுன் கிளம்பிவிடுவேன், அவர் நடுச்சாமத்துக்குப் பிறகு வருவார். ஒரே வீட்டில் இருந்தும் நாங்கள் முகம் பார்ப்பது சனி ஞாயிறில்தான்.

பால் முடிந்திருந்தது. கீழே கடைக்குப் போனேன். அன்ரி யாருடனோ கதைத்துக்கொண்டிருந்தார். என்னைக் கண்டதும் பேச்சு நின்றது. நாள் முழுக்கக் குளிருக்குள் நின்ற களைப்பில் என் முகம் எப்படி இருந்ததோ தெரியாது. கன்னத்து மை முழுதாகப் போயிருக்காது.

"தம்பி," என்றார். குரலைத் தாழ்த்திக்கொண்டார். "அண்ணைக்குத் தெரியுமோ?"

அண்ணை மாட்டேன் என்ற வேலைக்கு நான் போனது இதற்குள் எப்படிக் கடைவரை வந்தது என்று யோசித்தேன். வான்காரர் சொல்லியிருப்பார் என்று நினைத்தேன்.

"இன்னும் சொல்லேல்லை அன்ரி. நீங்களும் சொல்லிப்போடாதையுங்கோ. சனிக்கிழமை நானே ஆறுதலாச் சொல்லுறன்."

அன்ரியின் கண் நிறைந்தது. அதை நான் கண்டேன். பாலுக்குக் காசு நீட்டினேன், வேண்டாம் என்று என் கையை மூடிவிட்டார். பனிக்காலத்தில் அவர் சில வேளை அப்படிச் செய்வார், பாவம் என்று. மனத்தில் எடுக்கவில்லை. ஆண்டுக்கணக்காக வேற்றுச் சனத்துக்குள் திரிந்தவன் நான். ஜேர்மனியில் என்னோடு பாத்திரம் கழுவியவர்கள் கிழமைக்கொரு முகத்தோடு வருவார்கள். மீசை எடுத்த முகத்தை ஊரார் எப்படி வாசிப்பார்கள் என்பது எனக்குத் தெரியும்தான். ஆனால் ரொறொன்ரோவில் என் முகம் அண்ணையின் தகப்பனுக்கும் பொறுப்பு என்பது அந்த நேரத்தில் மூளையில் ஏறவில்லை.

இரண்டாம் நாள் தலைவனாக நடித்தவரைக் கிட்டத்தில் பார்த்தேன். உயரமான ஆள். இடைவேளையில் யாரோடும் பேசாமல் குதிரைக்குப் பக்கத்தில் நிற்பார். மாலையில் படக்காரர்களில் ஒருவர் எங்களை வரிசையில் நிறுத்தி முகம் முகமாகப் பார்த்துக்கொண்டு வந்தார். என்னையும் ஒக்லஹோமாக்காரரையும் முன்னுக்கு இழுத்தார். மறுநாள் தலைவன் தனியாகக் குதிரையில் ஏறிக் கூடாரத்துக்குப் போகிற காட்சி. காட்டின் ஓரத்தில் நின்று அவன் போவதைப் பார்க்கிறவர்களில் நாங்கள் இரண்டு பேரும் கமராவுக்குக் கிட்ட நிற்கவேண்டும். அதற்குப் பிறகும் ஒரு மாதத்துக்கு வேலை இருக்கிறது, முகத்தில் மயிர் வளரவிடாதே என்று சொல்லி அனுப்பினார்கள்.

"நாளைக்குப் பிரபலமாகப் போகிறோம்," என்று ஒக்லஹோமாக்காரர் என் முதுகில் தட்டினார்.

*

வீட்டு வாசலில் செருப்பும் சப்பாத்துமாகக் கிடந்தது. கதவு பூட்டியிருக்கவில்லை.

உள்ளே கதிரைகளைச் சுவரோடு ஒதுக்கியிருந்தார்கள். அன்ரியும் அவருடைய கணவரும், மேல்மாடியில் இருந்த ஒரு குடும்பமும் நிலத்தில் இருந்தார்கள். ரிவிக்கு மேல் இருந்த தகப்பனின் படத்தை இறக்கி ஒரு வாங்கில் வைத்து, முன்னால் விளக்குக் கொளுத்தியிருந்தது. விளக்குக்குப் பக்கத்தில் அந்த வெள்ளெழுத்துக் கண்ணாடி, பையிலிருந்து எடுத்து விரித்து வைத்தபடி. அண்ணை வேட்டியோடு, தலை ஈரமாக, சுவரில் சாய்ந்து இருந்தார்.

அவருடைய மேலுதடு வெறுமையாக இருந்தது. சவரம் செய்த இடத்தில் ஒரு கீறல்.

அன்ரி எழுந்து வந்து என் கையைப் பிடித்தார். "நான் சொல்லிப்போட்டன் தம்பி. காலமை பாண் வாங்க வந்து சிரிச்சுக் கதைச்சுக்கொண்டு நிக்கிறார். அந்தச் சிரிப்பைப் பாத்துக்கொண்டு நிக்க என்னால ஏலேல்லை."

அண்ணை தலையை நிமிர்த்தி என் முகத்தைப் பார்த்தார். அவருக்கு அதுவரை ஏதாவது சந்தேகம் இருந்திருந்தால் அந்த நேரத்தில் அதுவும் போயிருக்கும்.

"ஏன்ரா எனக்குச் சொல்லேல்லை?" குரலில் கோபம் இல்லை. "நான் தாங்கமாட்டன் எண்டு நினைச்சனியோ? எப்ப போன் வந்தது? ஆர் எடுத்தது?"

"ஒருத்தரும் எடுக்கேல்லை அண்ணை."

"அப்ப உனக்கு ஆர் சொன்னது?"

"ஒருத்தரும் சொல்லேல்லை. படத்துக்கு எடுத்தனான்."

"என்னத்தை?"

"மீசையை."

மேல்மாடிப் பெண் வாயைப் பொத்திக்கொண்டாள். அன்ரி என் கையை விட்டார். நான் நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். வான், ரூஜ் காடு, துணி இலை, கிரீக் சனம். சொல்லச் சொல்ல அது பைத்தியக்காரன் கதைபோல எனக்கே கேட்டது. அந்த அறையில் கிரீக் சனத்தைப் பற்றிக் கேட்க யாருக்கும் பொறுமை இல்லை.

அன்ரியின் கணவர்தான் வாய் திறந்தார். "அப்ப, ஐயா இருக்கிறாரோ?"

எல்லாரும் அண்ணையைப் பார்த்தார்கள். ஆறு மாதமாக எவர் கேட்டாலும் யோசிக்காமல் ஓம் என்று சொன்னவர்.

"தெரியாது," என்றார் அண்ணை.

அவர்கள் ஒவ்வொருவராக எழுந்து போனார்கள். சா வீட்டில் போய்வருகிறேன் என்று சொல்லக்கூடாது. இது சா வீடா இல்லையா என்று அவர்களுக்குத் தெரியவில்லை. ஒன்றும் சொல்லாமல் சப்பாத்துகளைத் தேடிப் போட்டுக்கொண்டு போனார்கள். அன்ரி கொண்டுவந்த பால் பெட்டிகள் சமையலறையில் அப்படியே இருந்தன.

அண்ணை விளக்கை அணைத்தார். படத்தைத் திரும்ப ரிவிக்கு மேல் வைத்தார். கண்ணாடியை மடித்துப் பைக்குள் போட்டுக் குளிர்ப்பெட்டிக்கு மேல் வைத்தார். எல்லாவற்றையும் இருந்த இடத்துக்கே கொண்டுபோய் வைத்துவிட்டு நடு அறையில் நின்றார். விரல் மேலுதட்டைத் தடவியது.

"இதை என்ன செய்யிறது?" என்றார்.

நான் சுவரோரத்துக் கதிரை ஒன்றை இழுத்து வைத்தேன், அவர் இருக்கவில்லை.

"இவ்வளவு நாளும் ஏதோ ஒரு பக்கத்தால அவர் இருக்கிறார் எண்டு எனக்குள்ள இருந்தது. இண்டைக்கு நானே பிளேட்டை எடுத்து, நானே வழிச்சு, தலையில தண்ணி வாத்து... நான் செய்து முடிச்சிட்டன். விளங்குதோ? அவர் இருந்தாலும் நான் செய்து முடிச்சிட்டன்."

"அண்ணை, அது வளரும்."

"ஓம். வளரும்." என்றார். "உன்னில கோவம் இல்லை. ஆனா உன்ர முகத்தைப் பாக்கேக்குள்ள எனக்கு அப்பா செத்துப்போறார். என்ர முகத்தை நான் பாக்காமல் விடலாம், குளியலறைக் கண்ணாடிக்குத் துவாயைப் போடலாம். உன்னை என்ன செய்யிறது? எனக்கும் உனக்கும் மீசை வரட்டும். பிறகு வா."

குளியலறைக்குப் போய்க் கழுத்தில் மிஞ்சியிருந்த மையைக் கழுவினேன். அங்கே கண்ணாடியை ஏற்கனவே துவாயால் மூடியிருந்தார். பையைக் கட்டிக்கொண்டு கதவடிக்கு வந்தபோது அவர் சன்னலைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"தொப்பியைப் போட்டுக்கொண்டு போ. காத்தடிக்குது," என்றார், திரும்பாமலே.

கீழே வந்து நிமிர்ந்து பார்த்தேன். சன்னலில் வெளிச்சம் இருந்தது, ஆள் இல்லை.

*

மோர்னிங்சைட்டிலிருந்து மில்லிக்கன் வரை நடந்தேன். நீண்ட தூரம். வீடுகள், பிறகு வேலிகள், பிறகு கட்டப்படாத வெறுங்காணி, பிறகு திரும்பவும் வீடுகள். சமையலறை வெளிச்சங்களில் ஆட்கள் மேசையைச் சுற்றி இருப்பது தெரிந்தது. வழியில் எனக்குத் தெரிந்தவர்கள் இருந்தார்கள். கதவைத் தட்டியிருந்தால் படுக்க இடம் கொடுத்திருப்பார்கள். ஆனால் கதவைத் திறந்தவுடன் என் முகத்தைப் பார்த்து, செத்தது யார் என்று கேட்பார்கள். அந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல எனக்கு உறவு ஒன்றும் இல்லை. செத்தவரும் என்னுடையவர் அல்ல, செத்தாரா என்பதும் தெரியாது. இரவை ஒரு டோனட் கடையில், ஒரே கோப்பையை முன்னால் வைத்துக்கொண்டு கழித்தேன். அங்கே யாரும் யாரையும் ஏறிட்டுப் பார்ப்பதில்லை.

விடிந்தபோது பிளாசாவில் இரண்டு வான் நின்றன. வான்காரர் முன் வானின் கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்றார். உள்ளே நேற்றைய முகங்கள். வல்வெட்டித்துறைக்காரர் எனக்கு இடம் ஒதுக்கி நகர்ந்து இருந்தார். ஒக்லஹோமாக்காரர் ஹொட்டேலிலிருந்து நேரே ரூஜுக்கு வந்திருப்பார். கமரா ஓடத் தொடங்கும்போது யார் முழங்கையைப் பிடிப்பார் என்று நினைத்தேன்.

"ஏறும், ஏறும். இண்டைக்கு நீர்தான் ஹீரோ எண்டு சொன்னவங்கள்," என்றார் வான்காரர்.

"மற்ற வான் எங்க போகுது?"

"அது பாண் பக்ரறிக்கு. வெக்கை. சம்பளமும் குறைவு. உமக்கென்ன விசரே? ஒரு மாத வேலையெல்லோ இது."

"அங்க மீசை எடுக்கச் சொல்லுவினமோ?"

அவர் என் மேலுதட்டைப் பார்த்தார். கதை அவருக்கும் எட்டியிருக்க வேண்டும். முன் வானின் கதவைச் சாத்திவிட்டு, பின் வானைக் கையால் காட்டினார்.

பாண் சுடும் அந்தத் தொழிற்சாலையில் மேற்பார்வை செய்தது ஜமேக்காவைச் சேர்ந்த ஒரு பெண். புதிதாக வந்தவர்களை வரிசையில் நிறுத்தி ஆளுக்கொரு வெள்ளை மேலங்கியும் தலைக்கு ஒரு வலையும் கொடுத்தாள். மீசை தாடி உள்ளவர்களுக்கு, காதில் மாட்டி வாயைச் சுற்றிக் கட்டுகிற இன்னொரு வலை. எனக்கு முன்னால் நின்றவருக்கு அதைக் கொடுத்தாள். என்னைப் பார்த்ததும் வலையைப் பெட்டிக்குள் திரும்பப் போட்டாள்.

நான் கையை நீட்டினேன்.

"உனக்குத் தேவையில்லை," என்றாள்.

"இனி வரும்," என்றேன்.

தோளைக் குலுக்கிவிட்டு ஒன்றை எடுத்துத் தந்தாள். கட்டிக்கொண்டு போய், பாண் தட்டுகள் ஓடிவரும் பெல்ற்றுக்கு முன்னால், அவள் காட்டிய இடத்தில் நின்றேன். சூடான தட்டுகளைத் தூக்கி வண்டியில் அடுக்கவேண்டும். அதுதான் வேலை.